மூடச் சொன்ன குழி

ஒரு பிள்ளையைப் பார்க்க எந்த இல்லத்துக்குப் போனாலும், அங்குள்ள பிள்ளைகள் குடிக்கிற தண்ணீரை முதலில் வாங்கிக் குடியுங்கள். பொறுப்பாளர் தருகிற தேநீரைப் பிறகு குடிக்கலாம்.

இது நான் கண்டுபிடித்ததல்ல. நான் நன்னடத்தை அலுவலராக வேலைக்குச் சேர்ந்தபோது எனக்கு மேலே இருந்தவர் செய்ததைப் பார்த்துக் கற்றது. அவர் அதிகம் கதைக்காதவர். ஒரு நாள் சிறுவர் இல்லமொன்றுக்கு என்னையும் கூட்டிக்கொண்டு போனார். முன்னறையில் பூப்போட்ட மேசைவிரிப்பு, கேக், குளிர்ந்த பானம் எல்லாம் தயாராக இருந்தன. அவர் கதிரையில் இருக்கவே இல்லை. நேரே பின்பக்கம் போய், பிள்ளைகளின் பானையில் ஒரு குவளை மொண்டு குடித்தார். எனக்கும் தந்தார். அதில் புழு நெளிந்திருக்கும் என்று நினைக்காதீர்கள். நல்ல தண்ணீர்தான்.

"சரி, இனிக் கேக் சாப்பிடுவம்" என்றார்.

அன்றைக்கு எனக்கு அது ஒரு வயோதிபரின் விசித்திரமாகவே பட்டது. பிறகு நானும் அதைப் பழகிக்கொண்டேன். நெடுங்காலம் தவறாமல் செய்தேன். செய்யாமல் விட்ட ஒரு நாளைப் பற்றித்தான் உங்களுக்கு எழுதுகிறேன். புதிதாக இந்த வேலைக்கு வந்திருக்கிறீர்கள். சட்டமும் சுற்றறிக்கையும் உங்களுக்கு வகுப்பில் சொல்லித் தருவார்கள். இதைச் சொல்லித் தர மாட்டார்கள்.

அன்று நான் பார்க்கப் போன பொடியனின் ஊர் குருநகர். உண்மைப் பெயர் வேண்டாம், ஜெறாட் என்று வைத்துக்கொள்ளுங்கள். பதினாறு வயது. தகப்பன் வேறொரு குடும்பத்தோடு மன்னார்ப் பக்கம் போய்விட்டார். தாய் றீற்றா சந்தையில் மீன் விற்றாள். மோட்டார் சைக்கிள்களில் போய் ஒரு வீட்டின் யன்னல்களை அடித்து நொறுக்கிய கூட்டத்தில் அவனும் ஒருவன். மற்றவர்கள் கையில் வாள் இருந்தது, இவன் கையில் பொல்லு. அதற்கு முன்பும் சில குழப்படிகள். பள்ளிக்கூடம் அவனைக் கைவிட்டுவிட்டது.

எங்கள் கந்தோருக்கு மாதாமாதம் வந்து கையெழுத்து வைப்பான். வாய் சும்மா இருக்காது. எல்லாவற்றுக்கும் பகிடி. ஒரு நாள் நான் உள்ளே வரும்போது, என் இடது காலை இழுத்து நான் நடக்கிற மாதிரியே அறைக்குள் நடந்து காட்டிக்கொண்டிருந்தான். என்னோடு வேலை செய்கிறவர்கள் எல்லாரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிறார்கள். என்னைக் கண்டதும் அவன் காலை நிமிர்த்தவில்லை.

"சேர், இது நீங்களில்லை. எங்கடை பங்குச் சுவாமியார்."

அறை வெடித்தது. நானும் சிரித்தேன். ஆனால் மறக்கவில்லை.

அவனை என்ன செய்வது என்று நீதிமன்றம் என்னிடம் சிபாரிசு கேட்டபோது, வீட்டில் வைத்துக் கண்காணிக்கலாம் என்று எழுதியிருக்கலாம். தாய் நல்லவள். நானோ, அப்போது புதிதாகத் தொடங்கப்பட்டிருந்த ஒரு சீர்திருத்த முகாமைச் சிபாரிசு செய்தேன். கட்டுப்பாடு, உடற்பயிற்சி, கெட்ட கூட்டாளிகளிடமிருந்து விலகல் என்று காரணங்கள் எழுதினேன். எல்லாம் சரியான காரணங்கள்தான். எழுதாத காரணம் ஒன்றும் இருந்தது. அந்த வாயை யாராவது ஒருவர் அடக்கினால் நல்லது என்று எனக்குள் ஒரு ஆசை இருந்தது.

முகாம் வடமராட்சி கிழக்கில், தெருவுக்கும் கடலுக்கும் நடுவே, ஆளரவமற்ற மணல் மேடுகளுக்குள் இருந்தது. அதை நடத்தியவர் நெடுங்காலம் வெளிநாட்டில் இருந்துவிட்டு வந்தவர். எந்தக் கப்பலுக்கும் எந்தப் படைக்கும் அவர் கப்டனாக இருந்ததில்லை. பொடியள் அவருக்குக் கப்டன் என்று பெயர் வைத்தார்கள், அவருக்கும் அது பிடித்துப்போயிற்று. கெட்ட மனிதர் என்று சொல்ல மாட்டேன். மணலும் வெய்யிலும் பொடியளைத் திருத்தும் என்று மனதார நம்பினார். மனதார நம்புகிறவர்களிடம்தான் நீங்கள் கூடுதல் கவனமாக இருக்கவேண்டும்.

போய்ப் பார்த்த நாள் ஒரு சனிக்கிழமை. சோளகக் காற்று மணலை வாரி ஜீப்பின் கண்ணாடியில் அடித்தது. கூடாரங்கள் நேர் வரிசையில் நின்றன. கப்டனின் கூடாரத்தில் ஒரு ஐஸ் பெட்டி. அதிலிருந்து சோடாப் போத்தலொன்றை எடுத்து உடைத்து என் கையில் தந்தார். வெய்யிலில் வந்த களை. ஒரே மூச்சில் பாதியைக் குடித்தேன். பிள்ளைகளின் தண்ணீர் எங்கே என்று அன்று நான் கேட்கவில்லை.

ஜெறாட்டைக் கூட்டிவந்தார்கள். மெலிந்து கறுத்திருந்தான். உதடு வெடித்திருந்தது.

"எப்பிடியடா இருக்கிறாய்?"

"இருக்கிறன் சேர்."

"சாப்பாடு?"

"தருகினம்."

ஒரு பகிடிக்காகக் காத்திருந்தேன். வரவில்லை.

"பாத்தியளோ ஐயா?" என்றார் கப்டன். "வரேக்கை வாய் திறந்தால் மூடமாட்டான். இப்ப கேட்டதுக்கு மட்டும் பதில்."

திருந்திவிட்டான் என்று நினைத்தேன். பகிடியே உயிராக இருந்த ஒரு பிள்ளை பகிடி விடாமல் நிற்பதை நான் நல்ல அறிகுறி என்று எடுத்துக்கொண்டேன். காய்ச்சல்காரன் முனகாமல் கிடப்பதைப் பார்த்துச் சுகமாகிவிட்டது என்று சொல்கிற வைத்தியரைப் போல.

அப்போது அவன் சொன்னான். "சேர், சின்னவனுக்கு ஏலாமல் கிடக்கு."

"ஆர் சின்னவன்?"

கப்டன்தான் பதில் சொன்னார். "அரியாலைப் பொடியன் ஒண்டு. இருக்கிறதிலை வயசு குறைஞ்சது. வெய்யில் பழகேல்லை. ரெண்டு தரம் சத்தி எடுத்துக் காட்டினால் வீட்டை விடுவம் எண்ட நினைப்பு."

"எடுத்துக் காட்டேல்லை சேர். எடுத்தவன்."

"ஜெறாட்" என்றார் கப்டன். பெயரை மட்டுந்தான் சொன்னார். அவன் வாயை மூடிக்கொண்டான்.

சின்னவன் கிடந்த கூடாரம் கூப்பிடு தூரத்தில் இருந்தது. எழுந்து போய்ப் பார்த்திருக்கலாம். கையில் குளிர்ந்த போத்தல் இருந்தது, வெளியே மணல் கொதித்தது. "அதை அவர் பாத்துக்கொள்ளுவார். நீ உன்ரை அலுவலைப் பார்" என்றேன்.

அவன் அந்தக் கூடாரப் பக்கம் ஒருமுறை திரும்பிப் பார்த்தான். பிறகு, "அப்ப நான் போறன் சேர்" என்றான்.

புறப்படும்போது 'போறன்' என்று எங்கள் ஊரில் யாரும் சொல்வதில்லை. திரும்பி வராதவன் சொல்கிற சொல் அது. 'போட்டு வாறன்' என்பதுதான் முறை. கடலுக்குப் போகிற குடும்பங்களில் இன்னும் கடுமையாகப் பார்ப்பார்கள். நான் அவனைத் திருத்தினேன்.

"என்னடா போறன்? போட்டு வாறன் எண்டு சொல்லோணும். கொம்மா பழக்கேல்லையே?"

"பழக்கினவ சேர்." கொஞ்சம் நின்றான். "போறன் சேர்."

கப்டன் சிரித்தார். "உது இன்னும் வரேல்லை ஐயா. வரும்." நானும் சிரித்தேன். ஜீப்பில் ஏறினேன்.

திங்கட்கிழமை காலை றீற்றாவிடம் செய்தி சொல்லச் சந்தைக்குப் போனேன். அவசரமில்லை என்று ஞாயிறு முழுவதும் வீட்டில் இருந்துவிட்டுத்தான் போனேன். என்னைத் தூரத்தில் கண்டதுமே மீன் விற்கிற பெண்கள் தொடங்கிவிட்டார்கள்.

"ஐயா வாறார், மீனை மூடுங்கோடி. அதையும் பிடிச்சு நன்னடத்தையிலை போட்டிடுவார்."

"மீனைப் போடமாட்டார். உன்ரை வாயைத்தான் போடுவார்."

றீற்றா ஒரு பாரை மீனை வெட்டிக்கொண்டிருந்தாள். "என்ரை பிள்ளை என்னவாம் ஐயா?"

"நல்லாத் திருந்தீட்டான் றீற்றா. வாயே திறக்கிறானில்லை."

"பகிடி விடேல்லையோ?"

"ஒண்டும் இல்லை."

கத்தி மெதுவானது. அவள் முகம் மாறுவதைக் கண்டு, சிரிக்க வைக்கலாமென்று அந்த 'போறன்' கதையைச் சொன்னேன். அவள் கத்தியைக் கீழே வைத்தாள்.

"போறன் எண்டோ சொன்னவன்?"

"ஓம். நான் திருத்தினனான்."

"திருத்தின பிறகும் அதையோ சொன்னவன்?"

"ஓம்…"

சொல்லும்போதே எனக்கு விளங்கத் தொடங்கியது. அவள் அழவில்லை. கையைக் கழுவினாள். பக்கத்துப் பெண்ணிடம் "உதை ஒருக்காப் பாரடி" என்றாள். "ஐயா, ஜீப் எங்கை நிக்குது?"

போகும் வழியில் கப்டனுக்குத் தொலைபேசி எடுத்தேன். பொடியள் வேலையில் நிற்கிறார்கள் என்றார். தாய் என் பக்கத்தில் இருக்கிறாள், அவனோடு கதைக்கவேண்டும் என்றேன். கப்டனின் குரல் இறங்கியது. "சனிக்கிழமை பின்னேரத்திலையிருந்து ஆளைக் காணேல்லை ஐயா. சின்னவனையும் காணேல்லை. நாங்கள் தேடிக்கொண்டுதான் இருக்கிறம்."

இரண்டு இரவுகள். யாருக்கும் அறிவிக்கவில்லை. முகாமின் பெயர் கெட்டுவிடும் என்று பயந்திருக்கிறார். பொலிசுக்கு நான் அறிவித்தேன். அவர்கள் பஸ் நிலையங்களையும் தெருவையும் பார்ப்பதாகச் சொன்னார்கள்.

முகாமுக்குப் போய்ச் சேர்ந்தபோது கப்டன் உறுதியாக இருந்தார். "தெருவுக்குத்தான் ஓடியிருப்பான். இந்நேரம் குருநகரிலை எங்கையாவது ஒளிச்சிருப்பான். நீங்கள் அங்கை போய்த் தேடுங்கோ."

என் அனுபவமும் அதைத்தான் சொன்னது. ஓடிப்போகிற பிள்ளை வீட்டுப் பக்கம்தான் ஓடும். எத்தனையோ பேரை அப்படித் தேடிப் பிடித்திருக்கிறேன். ஜீப்பைத் திருப்பச் சொல்ல வாயெடுத்தேன்.

றீற்றா இறங்கி மணலில் நின்றுகொண்டிருந்தாள். "வீட்டை வாறதெண்டால் வாறன் எண்டு சொல்லியிருப்பான் ஐயா. என்ரை பிள்ளை போறன் எண்டெல்லோ சொன்னவன்."

கையில் இருந்தது ஒரு ஜீப். இரண்டு நாளாக ஒரு நோயாளிப் பிள்ளை வெய்யிலில். நகரத்துக்குத் திரும்பினால் பொழுது போய்விடும். மணலுக்குள் தேடி அங்கே இல்லாவிட்டாலும் பொழுது போய்விடும். அந்த இடத்தில் நான் ஞானத்தால் தீர்மானித்தேன் என்று சொன்னால் பொய். வெட்கத்தால் தீர்மானித்தேன். அந்தச் சொல்லைக் காதால் கேட்டவன் நான், அதன் பொருளைக் கேட்டவள் அவள். அவள் சொன்ன பக்கம் நின்றேன்.

ஆனால் மணல் பெரியது. காற்று ஒரு காலடியையும் மிச்சம் விடவில்லை. எங்கே தொடங்குவது?

அப்போதுதான் என் பழைய மேலதிகாரியின் நினைவு வந்தது. கப்டனைத் தெருவோரம் போய்ப் பொலிசுக்காக நிற்கச் சொன்னேன். பொடியளின் கூடாரத்துக்குள் போய் மணலில் இருந்தேன். "எனக்குக் குடிக்கத் தண்ணி தாங்கோடா" என்றேன்.

ஒருவன் பிளாஸ்ரிக் கானிலிருந்து ஒரு சிறு கோப்பை ஊற்றித் தந்தான். சுடுதண்ணீர் போல இருந்தது, பிளாஸ்ரிக் மணம். குடித்துவிட்டு, "இன்னொண்டு" என்று நீட்டினேன். அவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள்.

"ரெண்டாம் தரம் கேட்டால் மேட்டிலை இருத்துவினம் சேர்."

"எந்த மேட்டிலை?"

காட்டினான். நிழலில்லாத உச்சி. சின்னவன் விடாய் தாங்காமல் மீண்டும் மீண்டும் கேட்டிருக்கிறான், மீண்டும் மீண்டும் அங்கே இருத்தப்பட்டிருக்கிறான். பிறகு வாந்தி. பிறகு எழும்பவில்லை.

"ஜெறாட் எங்கை போயிருப்பான்?"

நான் கோப்பையை நீட்டியபடியே இருந்தேன். கடைசியில் அதே பொடியன் சொன்னான். "தண்ணி இருக்கிற இடத்துக்குப் போயிருப்பான் சேர்."

"இந்த மணலுக்கை எங்கை தண்ணி?"

"நாங்கள் மூடின குழியிலை."

அந்த முகாமில் ஒரு தண்டனை இருந்தது. குழி வெட்டவேண்டும். வெட்டி முடிந்ததும் மூடவேண்டும். அவ்வளவுதான், வேறு பயனில்லை. பயனில்லாத வேலைதான் திமிரை உடைக்கும் என்பது கப்டனின் கொள்கை. அதிகம் வெட்டியவன் ஜெறாட். ஒரு முறை இரண்டு மேடுகளுக்கு நடுவே பள்ளமான இடத்தில் அவனை வெட்ட விட்டிருக்கிறார்கள். இடுப்பளவு போனதும் மணல் கறுத்து ஈரமாகி, அடியில் நீர் ஊறத் தொடங்கியிருக்கிறது. விரலில் தொட்டு நாக்கில் வைத்திருக்கிறான். உப்பில்லை. "கப்டன், இதுக்கை நல்ல தண்ணி வருது" என்று கத்தியிருக்கிறான்.

"நான் தண்ணி கேட்டனானே? மூடு" என்று பதில் வந்திருக்கிறது.

மூடியிருக்கிறான். கப்டன் அதை அன்றே மறந்துவிட்டார். அதன் பிறகும் அந்தப் பிள்ளைகள் கோப்பைத் தண்ணீருக்கு வரிசையில் நின்றார்கள்.

அந்தப் பொடியன் முன்னால் நடந்தான். நானும் றீற்றாவும் பின்னால். அவள் செருப்பைக் கழற்றி எறிந்துவிட்டாள். மேடு ஏறினால் அப்பால் இன்னொரு மேடு. மழை மணலுக்குள் இறங்கி அடியில் தங்கி நிற்கிற பூமி அது. படித்திருந்தேன். ஒரு பரீட்சையில் எழுதியும் இருக்கிறேன். ஆனால் காலுக்குக் கீழே தண்ணீர் இருக்கிறது என்ற நினைப்போடு ஒரு நாளும் நடந்ததில்லை.

கடைசி மேட்டின் உச்சியில் அந்தப் பொடியன் நின்று கையைக் காட்டினான்.

கீழே, ஒரு தாழம் பற்றையை ஒட்டிக் குழி. அந்தக் குழியைப் பற்றிச் சொல்லாமல் என்னால் இதை முடிக்க முடியாது. வேலை நிமித்தமாக எவ்வளவோ கட்டடங்களைத் திறப்புவிழாவில் நின்று பார்த்திருக்கிறேன். எதுவும் எனக்கு இதற்கு ஈடாகப் படவில்லை. கையாலும் ஒரு உடைந்த தகரத் துண்டாலும் தோண்டியிருக்கிறான். மணல் சரிந்து விழாமல் சுற்றிவரக் காய்ந்த பனை மட்டைகளை நட்டு, அவற்றின் பின்னால் அடம்பன் கொடியை அடைத்திருக்கிறான். இறங்கி ஏற ஒரு பக்கம் சரிவு விட்டிருக்கிறான். அடியில் ஒரு சட்டி அளவு தண்ணீர், வானத்தைக் காட்டிக்கொண்டு அசையாமல் கிடந்தது. தாழையின் மேல் தான் உடுத்தியிருந்த சாரத்தை அவிழ்த்துக் கட்டி நிழல் செய்து, அந்த நிழலில் ஈர மணலைப் பரப்பி, அதன்மேல் சின்னவனைக் கிடத்தியிருந்தான். தான் அரைக் காற்சட்டையோடு வெய்யிலில் இருந்தான், நிழல் ஒருவருக்குத்தான் போதும் என்பதால். நனைத்த சேட்டுத் துணியைப் பிழிந்து, சின்னவனின் வாயில் சொட்டுச் சொட்டாக விட்டுக்கொண்டிருந்தான். பாணில் மிச்சம் பிடித்து வைத்த துண்டொன்றை நீரில் ஊறவைத்து ஊட்டியிருக்கிறான். தான் எதுவும் சாப்பிடவில்லை.

சின்னவன் கண்ணைத் திறந்து எங்களைப் பார்த்தான். உயிர் இருந்தது.

றீற்றா சறுக்கிக்கொண்டே இறங்கி மகனின் தலையைப் பிடித்து நெஞ்சோடு வைத்துக்கொண்டாள். "ஏனடா வீட்டை வரேல்லை? தெரு கிட்டத்தானே?"

"தெருவுக்கு முகாமைத் தாண்டியெல்லோ அம்மா போகோணும். தூக்கிக்கொண்டு இவ்வளவுதான் ஏலும். எழும்பி நடந்தானெண்டால் கடற்கரைக்குக் கொண்டு போவம், வள்ளக்காரர் ஆரும் வருவினம் எண்டு நினைச்சனான்."

"தனிய ஓடி வந்து ஆருக்கும் சொல்லியிருக்கலாமே" என்றேன் நான்.

அவன் என்னைப் பார்த்தான். கோபம் இல்லை. "சொன்னனான்தானே சேர்."

சொன்னான்தான், என்னிடமே சொன்னான். தனியாக ஓடியிருந்தால் அவன் பத்திரமாகத் தப்பியிருப்பான். நாங்கள் எல்லாரும் சேர்ந்து, யாரும் இல்லாத இடத்தில் கொண்டுபோய்விட்டு, வாயை அடைத்து, பயனற்ற குழிகளை வெட்டச் சொன்ன ஒரு குழப்படிக்காரன், அதில் ஒரு குழியை மனதில் வைத்திருந்து, தன்னைவிடச் சிறியவனை முதுகில் சுமந்துபோய் அதன் அருகில் வைத்துக் காப்பாற்றினான். அவனைத் திருத்தவென்று அனுப்பியவன் நான்.

பருத்தித்துறை ஆஸ்பத்திரியில் சின்னவன் தேறினான். இன்னும் ஒரு நாள் போயிருந்தால் சொல்ல முடியாது என்றார் வைத்தியர். முகாம் அதோடு நின்றது. விசாரணையில் கப்டன் செய்ததைச் சொன்னேன். சோடாக் குடித்ததையும் 'உன்ரை அலுவலைப் பார்' என்றதையும் சேர்த்தே சொன்னேன். அதற்காக என்னை யாரும் தண்டிக்கவில்லை. ஜெறாட்டிடம் மன்னிப்புக் கேட்டேன். அவன் தலையைச் சொறிந்துகொண்டு, "விடுங்கோ சேர், கால் நோகப் போகுது, இருங்கோ" என்றான். மன்னித்தானா என்று இன்றும் தெரியாது. இப்போது படகு இயந்திரம் திருத்துகிறான்.

அந்தப் பள்ளத்தில் நடந்த இன்னொன்று இருக்கிறது. அதைச் சொல்லி நிறுத்துகிறேன்.

சின்னவனைத் தூக்கிச் செல்ல ஆட்கள் வேண்டும். தொலைபேசிக்கு அங்கே அலைவரிசை இல்லை. வழிகாட்டி வந்த பொடியனும் களைத்துப்போனான். யாராவது திரும்பி ஓடவேண்டும். வெய்யில் சாயத் தொடங்கியிருந்தது. பதற்றத்தில் நான் மேட்டை நோக்கித் திரும்பி, "நீங்கள் இருங்கோ, நான் போறன், ஆக்களைக் கொண்டு…" என்று தொடங்கினேன்.

"சேர்."

திரும்பிப் பார்த்தேன். வெடித்த உதட்டோடு அவன் சிரிக்க முயன்றுகொண்டிருந்தான். உதடு பிரிந்து இரத்தம் கசிந்தது.

"என்ன சேர் போறன்? போட்டு வாறன் எண்டு சொல்லோணும். கொம்மா பழக்கேல்லையே?"

றீற்றா அவன் தலையில் ஒரு தட்டுத் தட்டினாள். அப்போதுதான் அவள் அழத் தொடங்கினாள்.

"போட்டு வாறன்" என்றேன்.

"ஓம், வாங்கோ" என்றான்.

அந்த மணலில் என் காலை வைத்துக்கொண்டு ஓட முடியாது. ஓடினேன்.